காகத்துக்கு வைத்த காட்சி

மணப்பெண்ணின் பெரியப்பா வாயை அகலத் திறந்து கொட்டாவி விடுகிறார். ஏழு விநாடி. தாலி கட்டி முடிந்து, பெரியவர்கள் வரிசையாக வந்து அறுகரிசி போட்டுக்கொண்டிருக்கும் நேரம். பின்னால் நாதஸ்வரக்காரர் உயிரைக் கொடுத்து வாசிக்கிறார். முன்னால் இந்த மனிதர் கடைவாய்ப் பல் தெரிய நிற்கிறார். ரொறன்ரோப் பக்கம் மில்லிக்கனில் ஒரு பிளாசாவின் மேல்மாடியில் இருந்த என்னுடைய கலியாண வீடியோக் கடையில், பெண்ணின் தகப்பனும் தாயும் நாற்காலி நுனியில் இருந்து இதைப் பார்த்தார்கள். தகப்பன் உடனே கையை நீட்டினார். "தம்பி, உந்தக் கொட்டாவியை ஒருக்கா எடுத்துவிடுங்கோ. அண்ணை பாத்தாரெண்டால் பிறகு எங்கட வாசல்படி மிதிக்கமாட்டார்." நான் முகத்தில் வருத்தத்தை வரவழைத்து, கவனிக்காமல் விட்டுவிட்டோம், இன்றைக்கே எடுத்துவிடுகிறோம் என்றேன். அதற்குப் பிறகு அவர்கள் எதையும் குறை சொல்லவில்லை. பெண் தகப்பனின் தோளில் சாய்ந்து கண்மை கரைந்து ஓட அழும் நீண்ட காட்சி ஒன்று அதில் இருந்தது. வேறு நாளாக இருந்தால் அலங்கோலமாக இருக்கிறது என்று அதை வெட்டச் சொல்லியிருப்பார்கள். அன்றைக்கு அது தப்பியது. அவர்கள் படியிறங்கிப் போன பிறகு, மூலையில் ஹெட்போனை மாட்டியபடி இருந்த நரைமீசைக்காரர் என்னைத் திரும்பிப் பார்த்து ஒரு விரலை மட்டும் மெல்ல உயர்த்தினார். அந்தக் கொட்டாவியைத் தேடிப் பிடித்து அந்த இடத்தில் ஒட்டியவர் அவர்தான்.

அவரை நாங்கள் டிரெக்டர் என்றுதான் கூப்பிட்டோம். பிறம்ரனில் ஒரு களஞ்சியத்தில் நானும் அவரும் பெட்டி அடுக்கிக்கொண்டிருந்த காலத்தில் அங்கே வேலை செய்தவர்கள் கேலியாக வைத்த பெயர் அது. ஊரில் என்ன செய்தாய் என்று யாரோ கேட்க, படம் இயக்கினேன் என்று சொல்லியிருக்கிறார். அந்தக் களஞ்சியத்தில் ஊரில் பொறியியலாளராக இருந்தவர்களும் வங்கி முகாமையாளராக இருந்தவர்களும் நிறைய இருந்தார்கள். ஒருவர் சொல்வதை மற்றவர் நம்புவதில்லை என்பது அங்கே எழுதாத சட்டம். நானும் நம்பவில்லை. வார இறுதிகளில் கமராவைத் தூக்கிக்கொண்டு கலியாண வீடுகளுக்குத் திரிந்த நான், ஒரு நாள் அவரை என் பேஸ்மென்ரில் கொம்பியூட்டருக்கு முன்னால் இருத்திப் பார்த்தேன். ஒரு பிள்ளை பெரியவளான சாமத்திய வீட்டின் நாலு மணி நேரப் பதிவை அவர் நாற்பது நிமிடமாக்கினார். அந்தப் பிள்ளை யார், அவளுக்கு அந்த அலங்காரமெல்லாம் எவ்வளவு பாரமாக இருந்தது என்பதெல்லாம் அந்த நாற்பது நிமிடத்தில் தெரிந்தது. பார்த்து முடித்த என் மனைவி, "இந்த மனுசன் பொய் சொல்லேல்லை" என்றாள். நான் களஞ்சியத்தை விட்டுக் கடை போட்டபோது முதலில் கூட்டிக்கொண்டு வந்தது அவரைத்தான்.

தென்னமெரிக்காவில், ஒரு தளபதி பதினைந்து வருடத்துக்கு மேல் ஆண்ட நாட்டிலிருந்து அவர் வந்திருந்தார். ஆனால் அவர் அகதி இல்லை. தளபதி இருந்த காலமெல்லாம் அங்கேயே இருந்து படம் எடுத்தவர்; தளபதி போய், தேர்தல் வந்து, எல்லாம் ஒழுங்காக நடக்கத் தொடங்கிய பிறகுதான் நாட்டை விட்டார். ரொறன்ரோவில் உள்ள அவருடைய நாட்டுக்காரர்களில் முக்கால்வாசிப் பேர் தளபதிக்குத் தப்பி வந்தவர்கள். கொண்டாட்டங்களில் அவரைக் கண்டால், நல்ல காலம் வந்த பிறகு எதற்காக வந்தாய் என்று கேட்பார்களாம். இலங்கையில் சண்டை முடிந்த பிறகு வந்தவர்களை எங்கள் ஆட்களும் இப்படித்தான் ஒரு மாதிரிப் பார்க்கிறார்கள் என்று நான் சொன்னேன். அவர் தலையை ஆட்டினார். அவரும் நானும் பேசிக்கொண்டது இருவருக்கும் சொந்தமில்லாத ஆங்கிலத்தில். அதனாலேயே இத்தனை வருடத்தில் எங்களுக்குள் நுணுக்கமான சண்டை எதுவும் வரவில்லை என்று நினைக்கிறேன். சண்டை பிடிக்கவும் சொல் வேண்டும்.

என் மனைவி சனிக்கிழமை விரதம் பிடிப்பவள். கடைக்குப் பின்னால், குப்பைத் தொட்டிகளுக்குப் பக்கத்தில் உள்ள மதிலில் ஒரு கடதாசித் தட்டில் சோறும் கறியும் வைத்துவிட்டு, காகம் வந்து வாய் வைக்கும்வரை தானும் சாப்பிடாமல் நிற்பாள். கனடாக் காகத்துக்குச் சனிக்கிழமை தெரியாது. பல நாட்களில் அணில்தான் வந்தது. அணில் தின்றால் கணக்கில் இல்லை. ஒரு நாள் சிகரெட் பிடிக்கப் பின்பக்கம் போன டிரெக்டர், பசியோடு வானத்தைப் பார்த்துக்கொண்டு நின்றவளிடம் என்ன செய்கிறாய் என்று கேட்டிருக்கிறார். முதல் பங்கு காகத்துக்கு, அது எடுத்தால்தான் மிச்சம் நிம்மதியாக எங்களுக்கு என்று அவள் விளக்கியிருக்கிறாள். அவர் இருமல் வரும்வரை சிரித்தாராம். இதைத்தான் நானும் பதினைந்து வருடம் செய்தேன் என்று சொல்லிக்கொண்டே மேலே வந்தார்.

அன்றைக்குத்தான் அவருடைய தொழில் இரகசியம் எங்களுக்குத் தெரிந்தது. அவருடைய நாட்டில் எந்தப் படமும் தணிக்கை அலுவலகத்தைத் தாண்டித்தான் வெளியே வர வேண்டும். அங்கே ஐந்து பேர். ஓய்வுபெற்ற படையதிகாரி ஒருவர், பாதிரியார் ஒருவர், மற்ற மூவரும் யார் என்று கடைசிவரை அவருக்குத் தெரியாது. ஒன்றையும் வெட்டாமல் படத்தைத் திருப்பி அனுப்பினால், நீங்கள் எதற்கு இருக்கிறீர்கள் என்று மேலே கேட்டுவிடுவார்கள் என்ற பயம் அந்த ஐவருக்கும். ஆகவே அவரைப் போன்றவர்கள் ஒவ்வொரு படத்திலும் வெட்டுப்படுவதற்கென்றே ஒரு காட்சியை எடுத்து வைப்பார்கள். பச்சையாக, முரட்டுத்தனமாக, கண்ணில் குத்துகிற மாதிரி ஒன்று. ஐவரும் அதில் பாய்ந்து, வெட்டி, கடமை முடிந்த திருப்தியில் சாய்ந்து உட்காரும்போது, உண்மையில் சொல்ல வேண்டிய சின்ன விசயம் சத்தமில்லாமல் தாண்டிப் போய்விடும். பார்க்கிறவர்களும் அதில் தேர்ந்திருந்தார்கள். படத்தில் ஒரு கிழவர் யன்னலைச் சாத்தினால் அரங்கம் முழுவதும் மூச்சை இழுத்துக்கொள்ளுமாம். ஏன் சாத்துகிறார் என்று விளங்கப்படுத்த வசனம் எதுவும் தேவைப்படவில்லை.

அதற்குப் பிறகு எங்கள் கடையில் அந்த வழக்கத்துக்குக் காகம் என்ற பெயர் நிலைத்தது. தமிழில் அவர் ஒழுங்காக உச்சரித்த மிகச் சில சொற்களில் அது ஒன்று. ஒவ்வொரு கலியாண வீடியோவின் முதல் வடிவத்திலும் ஒரு காகம் இருக்கும்: ஓமத்துக்கு முன்னால் செல்போனில் பேசும் ஐயர், சாப்பாட்டு வரிசையில் இரண்டாம் தரம் நிற்கும் மாமா. வீட்டுக்காரர் அதைப் பிடித்துக்கொண்டு எங்களைத் திட்டுவார்கள். நாங்கள் மன்னிப்புக் கேட்டு எடுத்துவிடுவோம். மற்றதெல்லாம் நாங்கள் வெட்டிய மாதிரியே நிற்கும். இதில் எனக்குக் கூச்சம் எதுவும் இருக்கவில்லை. ஆட்களை மடக்கிவிட்டோம் என்ற சந்தோசம்கூட இருந்தது. ஒருமுறை, தகப்பன் வெட்டச் சொன்ன காகத்தைப் பார்த்து, இங்கேயே பிறந்து வளர்ந்த மணப்பெண், "அப்பா, லீவ் இட். இட்ஸ் ஃபனி" என்று சொல்லிவிட்டாள். அந்தக் காட்சி படத்தில் நின்றுவிட்டது. எனக்கு அது ஒரு வேடிக்கையாகத்தான் இருந்தது. டிரெக்டர் மட்டும் ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு அன்றைக்கு நேரத்தோடு வீட்டுக்குப் போய்விட்டார். ஏன் என்று எனக்கு அப்போது விளங்கவில்லை.

விளங்கியது மூன்று வருடத்துக்கு முன், ஒரு மாசி மாதத்தில். அப்போது அவருக்கு எண்பதை நெருங்கும் வயது. வேலைக்கென்று வருவதில்லை; பொழுது போகாத நாட்களில் பஸ் பிடித்து வந்து மூலைக் கதிரையில் இருப்பார். அவருடைய பழைய படம் ஒன்றின் மூலச்சுருளை அவருடைய நாட்டில் யாரோ கண்டெடுத்து, சுத்தம் செய்து, கணினிக் கோப்பாக மாற்றியிருந்தார்கள். ரொறன்ரோவில் உள்ள ஒரு திரைப்படக் கழகம், சர்வாதிகாரம் போய் மக்களாட்சி வந்த நாடுகளில் அந்த மாற்றத்தின் நடுவில் எடுக்கப்பட்ட படங்களை வரிசையாகக் காட்டப் போகிறது. அதில் அவருடைய படமும் ஒன்று. இரண்டு காட்சிகள், சனியும் ஞாயிறும் பிற்பகலில். அவர் விருந்தினராக வர வேண்டும். கடிதத்தை வாசித்துக் காட்டும்போது அவருடைய குரல் இளமையாக இருந்தது. நிறம் சரியாக இருக்கிறதா என்று பார்த்துச் சொல்வதற்காகக் கோப்பையும் அனுப்பியிருந்தார்கள். அவர் அதை என் கடைக்குக் கொண்டுவந்து, கதவைச் சாத்தச் சொல்லிவிட்டு, நிறத்தைப் பற்றி ஒரு வார்த்தையும் பேசாமல் ஒரு கடதாசித் துண்டை நீட்டினார். அதில் இரண்டு நேரக் குறிப்புகள் இருந்தன. இந்த இடத்திலிருந்து இந்த இடம்வரை வெட்டிவிடு, நாலு நிமிடம் பத்து விநாடி என்றார்.

அந்தக் காட்சியை நான் அப்போதுதான் பார்த்தேன். ஊர் எல்லையில் ஒரு வீதித்தடை. பஸ்ஸிலிருந்து இறக்கப்பட்ட இளம் ஆசிரியை ஒருத்தியைச் சோதனை என்ற பெயரில் சிப்பாய்கள் உடைகளைக் களைய வைக்கிறார்கள். கமரா நகரவே இல்லை. வெளிச்சம் மட்டமாக இருந்தது. எடுத்தவர் அதில் அக்கறை காட்டவில்லை என்பது என்னைப் போன்ற கலியாண வீடியோக்காரனுக்கே தெரிந்தது. அதற்கு அடுத்ததாக வருவது, அதே ஆசிரியையின் தாய் ஓர் அலுவலகக் கவுண்டரில் நின்று காணாமல்போன மகனைப் பற்றிக் கேட்க, உள்ளே இருப்பவர் நிமிராமலே 'அடுத்தவர்' என்று கூப்பிடும் காட்சி. அது ஒரு நிமிடம்கூட இல்லை. மிகவும் அழகாக எடுக்கப்பட்டிருந்தது. காகம் எது, சோறு எது என்று எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை.

அவர் அன்று பிற்பகல் முழுவதும் இருந்து சொன்னதைச் சுருக்கமாக எழுதுகிறேன். படம் எடுத்துக்கொண்டிருந்தபோது நாட்டில் வாக்கெடுப்பு நடந்தது. தளபதி தோற்றார். ஆனால் ஆட்சி கைமாற இன்னும் பல மாதங்கள் இருந்தன, தணிக்கை அலுவலகமும் இருந்தது. ஆகவே அவர் வழக்கம்போலக் காகத்துக்கு ஒரு காட்சி வைத்தார். நடிகைக்கு இருபத்திரண்டு வயது. அதுதான் முதல் படம். படப்பிடிப்பு நாளில் அவர் அவளைத் தனியாகக் கூப்பிட்டு, பயப்படாதே, இதை ஐந்து பேரைத் தவிர யாரும் பார்க்கப் போவதில்லை, கத்தரிக்கோல் இதற்காகவே காத்திருக்கிறது, நீ இதைச் செய்தால் தாயின் காட்சி தப்பும் என்று சொன்னார். அவள் அழுதாள். அவர் தன்னுடைய கைக்குட்டையைக் கொடுத்தார். பிறகு அவள் நடித்தாள். படம் அலுவலகத்துக்குப் போனது. ஆட்சி மாறிய பிறகு எதை யார் வெட்டினார்கள் என்று கேள்வி வரலாம், தங்கள் கையெழுத்து அதில் இருக்கக்கூடாது என்று அந்த ஐவரும் பயந்துவிட்டார்கள். ஓர் அங்குலமும் வெட்டாமல் முத்திரை குத்தித் திருப்பி அனுப்பினார்கள். அவருடைய வாழ்க்கையிலேயே முதல் தடவையாக, எடுத்த படம் எடுத்தபடியே கைக்கு வந்தது.

"அப்போது நானே வெட்டியிருக்கலாம்," என்றார். "ஒரு மணி நேர வேலை. ஆனால் பதினைந்து வருடத்தில் முதல் தடவையாக வெட்டுப்படாத ஒரு படம் என் கையில் இருக்கிறது. அதில் கத்தரி வைக்க எனக்கு மனம் வரவில்லை. நான் என்னிடம் சொல்லிக்கொண்ட காரணம், வெட்டுவது அவர்களுடைய வேலை, என்னுடைய வேலை இல்லை என்பது."

தயாரிப்பாளர் அந்தக் காட்சியை வைத்தே சுவரொட்டி அடித்தார். சனம் அள்ளுப்பட்டு வந்தது. விடுதலையான நாட்டின் முதல் துணிச்சலான படம் என்று எழுதினார்கள். மேடைகளில் அவரை எழுப்பிவிட்டுக் கை தட்டினார்கள். அவரும் எழுந்து நின்றார். தாயின் காட்சி வந்தபோது சனம் கதைத்துக்கொண்டு இருந்தது. யன்னல் சாத்தினால் மூச்சை இழுத்துக்கொண்ட அதே சனம்தான். எல்லாவற்றையும் வெளிப்படையாகச் சொல்லலாம் என்று வந்த பிறகு குறிப்பறியும் கண் அவர்களுக்குத் தேவைப்படவில்லை, அது இரண்டே வருடத்தில் மங்கிப் போய்விட்டது என்றார். பிறகு வந்த படங்கள் எல்லாம் சதையும் சத்தமுமாக இருந்தன. அதற்கும் பிறகு வெளிநாட்டுப் படங்கள் வந்து எல்லா அரங்குகளையும் பிடித்துக்கொண்டன. அவர் இன்னும் ஒரு படம் எடுத்தார். யாரும் வரவில்லை. நல்ல காலம் வந்த பிறகு எதற்காக வந்தாய் என்ற கேள்விக்கு இதுதான் பதிலாக இருந்திருக்கும். அவர் அதை யாருக்கும் சொன்னதில்லை. நடிகைக்கு அதன் பிறகு வேடம் கிடைக்கவில்லை. தெருவில் பையன்கள் கூப்பிட்டுக் கேலி செய்தார்கள். அவள் தலைநகரை விட்டே போய்விட்டாள் என்று கேள்விப்பட்டார். அவளைக் காப்பாற்றுவதற்காகத் தான் செய்த ஒரே காரியம், அதற்குப் பிறகு அச்சிட்ட பிரதிகளுக்காக மூலச்சுருளிலேயே அவளுடைய பெயரை எடுத்துவிட்டு ஒரு பொய்ப் பெயரைப் போட்டது என்றார். அவளோடு பேசவே இல்லை. பேசுவதற்கு முகம் இல்லை என்றார்.

நான் சுட்டியில் கையை வைத்துக்கொண்டு இருந்தேன். உண்மையைச் சொன்னால், வெட்டியிருப்பேன். கிழவர் கேட்கிறார், அவருடைய படம், அந்தப் பெண்ணுக்கும் அது நல்லது என்றுதான் எனக்குப் பட்டது. சுருளைக் கண்டெடுத்தவர்கள் இதை ஒத்துக்கொள்வார்களா என்பதுதான் என்னுடைய ஒரே யோசனை. அந்த நேரத்தில் தேநீர் கொண்டுவந்த என் மனைவி, நாங்கள் இருவரும் இருந்த இருப்பைப் பார்த்து என்ன விசயம் என்று கேட்டாள். நான் தமிழில் சொன்னேன். அவள் நின்றபடியே கேட்டாள். திரையில் அந்தப் பெண் அசையாமல் நின்றாள். "அவவைக் கேட்டவரோ?" என்றாள் மனைவி. எனக்கு விளங்கவில்லை. "வெட்டட்டோ விடட்டோ எண்டு அவவை ஒருக்காலும் கேட்கேல்லைத்தானே. அண்டைக்கும் இவர்தான் முடிவெடுத்தவர், இண்டைக்கும் இவர்தான் எடுக்கிறார். அவ உயிரோடதானே இருக்கிறா?"

நான் அதை மொழிபெயர்த்தேன். மொழிபெயர்க்கும்போது கொஞ்சம் மெதுவாக்கத்தான் பார்த்தேன், ஆனால் அதை மெதுவாக்க முடியவில்லை. டிரெக்டர் நிமிர்ந்து என் மனைவியைப் பார்த்தார். பிறகு கோட்டைப் போட்டுக்கொண்டு, தேநீரைக் குடிக்காமலே போனார்.

நடிகையின் தொலைபேசி இலக்கத்தைத் தேடிப் பிடிக்க அவருக்கு ஐந்து நாள் ஆனது. தன்னுடைய அறையில் தனியாக இருந்து எடுக்க முடியாது என்று எங்கள் கடைக்கே வந்து, என்னுடைய மேசையில் இருந்து எடுத்தார். அவர் ஸ்பானிய மொழியில் பேசத் தொடங்கினார். பிறகு பேசியதெல்லாம் மற்றப் பக்கம்தான். இருபது நிமிடம் இருக்கும். அவர் வலது கையால் மேசை விளிம்பைப் பிடித்திருந்தார். எனக்கும் மனைவிக்கும் பேச்சு விளங்கவில்லை, ஆனால் எழுந்து போகவும் முடியவில்லை. தொலைபேசியை வைத்த பிறகு, பள்ளிக்கூடத்தில் பாடம் ஒப்புவிப்பதைப் போல, ஒன்றையும் கூட்டாமல் குறைக்காமல் அவர் எங்களுக்குச் சொன்னார்.

கடற்கரை ஊர் ஒன்றில் ஒரு பாடசாலையின் சமையலறைக்குப் பொறுப்பாக அவள் இருக்கிறாள். பேரப்பிள்ளைகள் இருக்கிறார்கள். அவள் சொன்னது இதுதான்: "அந்தக் காட்சி எனக்கு நடந்தது. அப்போது எனக்குப் பத்தொன்பது வயது. நான் ஒருவருக்கும் சொல்லவில்லை, அம்மாவுக்கும் சொல்லவில்லை. உங்கள் கதையில் அதே வீதித்தடை இருந்ததைப் பார்த்து, இந்த மனிதருக்கு எல்லாம் தெரிந்திருக்கிறது, அதைச் சொல்லத்தான் என்னைத் தெரிந்தெடுத்திருக்கிறார் என்று நினைத்தேன். பிறகு நீங்கள் என்னைக் கூப்பிட்டு, இது வெட்டுப்படத்தான் எடுக்கிறோம், யாரும் பார்க்க மாட்டார்கள் என்றீர்கள். அதற்குத்தான் அழுதேன். நீங்கள் கைக்குட்டை தந்தீர்கள். வெட்டினாலும் பரவாயில்லை, அந்த ஐந்து பேராவது பார்க்கட்டும் என்றுதான் நடித்தேன். வெட்டாமல் வந்தபோது நான் தேவாலயத்துக்குப் போய் மெழுகுதிரி கொளுத்தினேன். சுவரொட்டி, கேலி எல்லாம் வந்தன, உண்மைதான். ஆனால் சந்தையில் முன்பின் தெரியாத பெண்கள் வந்து, ஒன்றும் பேசாமல் என் கையைப் பிடித்துவிட்டுப் போனார்கள். அவர்களுக்கும் நடந்திருந்தது. நீங்கள் என்னைக் காப்பாற்றுவதற்காக என்ன செய்தீர்கள்? உடம்பை விட்டுவிட்டுப் பெயரை எடுத்தீர்கள்."

காட்சி அப்படியே இருக்க வேண்டும் என்றாளாம். இரண்டு விசயம் கேட்டாளாம். ஒன்று, அவளுடைய பெயர் திரும்ப வர வேண்டும். மற்றது, அவர் அந்தக் காட்சி முடியும்வரை சனத்தோடு இருந்து பார்க்க வேண்டும். படம் வெளிவந்த முதல் நாள் தலைநகர அரங்கில் அவள் கடைசி வரிசையில் இருந்திருக்கிறாள். தன்னுடைய காட்சி தொடங்கியதும் அவர் எழுந்து வெளியே போவதைப் பார்த்திருக்கிறாள். எந்த அரங்கிலும் அவர் அப்படித்தான் போயிருக்கிறார். அந்த நாலு நிமிடத்தைச் சனத்தோடு இருந்து ஒரு முறையும் பார்த்ததில்லை.

முதலாவதை நான் செய்தேன். மூலப்படத்தின் எழுத்துகளில் கை வைக்க முடியாது என்றும், முடிவில் ஒரு தனி அட்டையாக அவளுடைய பெயரைச் சேர்க்கலாம் என்றும் கழகத்துக்காரர் சொன்னார்கள். என் கடையில் மணமக்களின் பெயரைப் போடும் அதே மென்பொருளில், பூவும் தங்க நிறமும் இல்லாமல், கறுப்பில் வெள்ளையாக அந்தப் பெயரைப் போட்டேன். எத்தனை விநாடி நிற்க வேண்டும் என்று கேட்டேன். வாசிக்கத் தெரியாதவரும் வாசித்து முடிக்கிற அளவுக்கு என்றார் டிரெக்டர்.

சனிக்கிழமை பிற்பகல் நானும் மனைவியும் அவரைக் காரில் ஏற்றிக்கொண்டு நகரத்துக்குப் போனோம். அரங்கு முக்கால்வாசி நிறைந்திருந்தது. அவருடைய நாட்டுக்காரர்கள் பலர் வந்திருந்தார்கள், தளபதிக்குத் தப்பி வந்தவர்கள். அவர் மடிப்புக் குலையாத கோட்டுடன் நடைபாதைக்கு அடுத்த இரண்டாவது இருக்கையில் இருந்தார். நான் ஓரத்தில். பஸ் வீதித்தடையில் நின்றது. ஆசிரியை இறங்கினாள். அவர் என் தோளைத் தட்டினார். நான் முழங்காலை ஒடுக்கி வழி விட்டேன். மறித்திருக்கலாம், அந்தக் கணத்தில் எனக்கு அது தோன்றவில்லை, பெரியவர் எழும்பினால் வழிவிட்டுப் பழகியவன் நான். அரங்கில் வேறு யாரும் எழுந்திருக்கவில்லை. ஒரு இருமல்கூட இல்லை. என் மனைவி திரையைப் பார்க்காமல் அவர் போன கதவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

திரும்பி வரும் வழியில் அவர் காரில் இருந்தபடி நடிகையைக் கூப்பிட்டார். பேச்சு மிகவும் குறைவாக இருந்தது. சனம் பார்த்ததா, யாராவது எழுந்து போனார்களா என்று அவள் கேட்டாளாம். ஒரேயொருவர் என்று இவர் சொன்னாராம். யார் என்று அவள் கேட்கவில்லையாம். எனக்கு ஸ்பானிய மொழி தெரியாது, ஆனால் களஞ்சியத்தில் கேட்டுப் பழகிய சில சொற்கள் தெரியும். அவள் கடைசியாகச் சொன்னது 'நாளைக்கு' என்பது எனக்கே விளங்கியது. அது கேள்வியா கட்டளையா என்பதுதான் தெரியவில்லை. பின் இருக்கையிலிருந்து என் மனைவி தமிழில் சொன்னாள்: "நாளைக்கு நடுவில இருத்துவம்."

ஞாயிற்றுக்கிழமை அப்படித்தான் இருத்தினோம். வரிசையின் நடுவில் அவர்; வலப்பக்கம் நான், இடப்பக்கம் மனைவி. எங்களுக்கு இரண்டு பக்கமும் பனிக்கோட்டை மடியில் வைத்துக்கொண்டு முன்பின் தெரியாதவர்கள். எழும்ப வேண்டுமென்றால் பத்துப் பேரை எழுப்ப வேண்டும். பஸ் நின்றபோது அவருடைய கை என் தோளுக்கு வந்தது. நான் திரும்பவில்லை. கை கொஞ்ச நேரம் அங்கேயே இருந்துவிட்டு இறங்கியது. நான் ஏற்கனவே இரண்டு முறை பார்த்த காட்சி என்பதால் அவருடைய முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். முதலில் அவர் திரையின் மூலையைப் பார்த்தார், வெளிச்சத்தைப் பார்த்தார், தொழில்காரன் பார்க்கிற மாதிரி. பிறகு அவளைப் பார்க்கத் தொடங்கினார். சிப்பாய் ஒருவன் ஏதோ சொல்லிச் சிரிக்க, அவள் தலையைத் திருப்பிக் கமராவுக்கு அப்பால் நின்ற யாரையோ பார்க்கிற ஓர் இடம் இருக்கிறது. படப்பிடிப்பு நாளில் அந்த இடத்தில் நின்றவர் அவர்தான். என் காதுக்குப் பக்கத்தில், ஆங்கிலத்தில், "இவள் என்னைக் கேட்கிறாள்" என்றார். நாலு நிமிடம் பத்து விநாடியும் அவர் அசையவில்லை. காட்சி முடிந்து, கவுண்டரில் தாய் வந்து நின்றாள். எந்த ஒரு நிமிடத்துக்காக அவர் மற்ற எல்லாவற்றையும் செய்தாரோ, அந்த நிமிடம். அரங்கம் மூச்சை இழுத்துக்கொண்டது. நான் என் காதால் கேட்டேன். அவர் அதைப் பார்க்கவில்லை. கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, குனிந்து இருந்தார்.